உன் தாத்தாவின் குரலில் நான் எடுத்த படம்

மகனே,

இன்னும் பிறக்காத உனக்கு எழுதுகிறேன். எனக்கு இப்போது பதினேழு வயது, பள்ளியின் கடைசி வகுப்பான ஐந்தாம் படிவம் படிக்கிறேன். வேதியியல் நோட்டின் கடைசிப் பக்கங்களில், கைப்பேசி வெளிச்சத்தைப் போர்வைக்குள் மறைத்துக்கொண்டு எழுதுகிறேன். நீ என்றைக்காவது வருவாய், வளர்வாய், வேலைக்கோ கல்யாணத்துக்கோ வீட்டை விட்டுக் கிளம்புவாய். அன்றைக்கு இதை உன் கையில் கொடுக்க வேண்டும். தலை நரைத்த பிறகுதான் பெற்றவர்கள் பிள்ளைகளுக்கு இப்படியெல்லாம் எழுதுவார்கள். ஆனால் என் தலை நரைப்பதற்குள் நடந்ததை எனக்குச் சாதகமாகக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருத்தி வைத்துக்கொள்வேன் என்று பயமாக இருக்கிறது. அதனால் தப்பின் சூடு ஆறுவதற்கு முன்பே எழுதுகிறேன். நாங்கள் இருப்பது ஜொகூரில் ஒரு தாமான், ஒரு குடியிருப்புப் பகுதி. அதன் பெயரை எழுத எனக்குத் தைரியம் இல்லை. ஒரே மாதிரி வரிசை வீடுகள், நடுவில் பெரிய சாக்கடை, மூலையில் ஒரு டேவான். எங்கள் ஊர்க்காரர்களுக்கு மண்டபம் என்றால் டேவான்தான். அதற்குமேல் தெரிய வேண்டாம்.

காலை ஒன்பது மணிக்கு என் அப்பா, அதாவது உன் தாத்தா, போலிஸ் நிலையத்துக்குப் போய் ஒரு புகாரில் கையெழுத்துப் போடப் போகிறார். இணையத்தில் சுற்றிக்கொண்டிருக்கும் ஒரு நான்கு நிமிடக் கேலிப் படத்தில் கேட்பது தன் குரல் இல்லை, யாரோ கணினியை வைத்துத் தன் குரல் மாதிரியே செய்துவிட்டார்கள் என்பதுதான் புகார். அப்பா அதை நம்புகிறார். ஆனால் அது அவருடைய சொந்தக் குரல். பதிவு செய்தவள் நான், படத்தைச் செய்தவளும் நான். வெளியிட்டது மட்டும் என் தோழி ஷாமினியின் கணக்கில். அப்பா கையெழுத்துப் போட்டுவிட்டால், போலிஸ் முதலில் தட்டப்போவது ஷாமினி வீட்டுக் கதவை. அதோடு, அப்பா கொடுத்தது பொய்ப் புகார் என்றும் ஒருநாள் தெரியவரும். இதைத் தடுக்க வேண்டுமானால் விடிவதற்குள் அவரிடம் நான் உண்மையைச் சொல்ல வேண்டும். மூன்று நாளாக வாய் வரவில்லை. அதனால் உன்னிடம் சொல்லிப் பார்க்கிறேன். நீ இன்னும் பிறக்கவில்லை, உனக்குக் கோபம் வராது.

முதலில் அவரைப் பற்றிச் சொல்கிறேன். ஒரு மரச்சாமான் தொழிற்சாலையின் ஸ்டோரில் அப்பா பதினாறு வருடம் இருந்தார். அதை மூடிவிட்டார்கள். அதன் பிறகு ஏழு மாதம் வீட்டில் இருந்தார். அந்த ஏழு மாதமும் வீட்டில் அவர் சத்தமே கேட்டதில்லை. சாப்பாடு கேட்பதற்குக்கூட தட்டைத்தான் எடுத்து வைப்பார். அப்போது எங்கள் மாதா கோவில் திருவிழா விருந்தில் அறிவிப்புச் செய்ய வேண்டியவருக்குக் காய்ச்சல் வந்துவிட்டது. யாரோ அப்பா கையில் ஒலிவாங்கியைக் கொடுத்தார்கள். அன்றைக்குத்தான் எனக்கே தெரியும், என் அப்பாவுக்கு இப்படி ஒரு குரல் இருக்கிறது என்று. சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் கையை நிறுத்திவிட்டுக் கேட்டார்கள். விருந்துக்கு வந்திருந்த சேகர் என்பவரும் கேட்டார். எங்கள் வட்டாரச் சட்டமன்ற உறுப்பினரை எல்லாரும் வை.பி. என்று கூப்பிடுவோம். அவருடைய சேவை மையத்தைப் பார்த்துக்கொள்பவர் இந்தச் சேகர். அவர் நேராக எங்கள் மேசைக்கு வந்தார்.

"அண்ணே, இந்தக் குரல வச்சிக்கிட்டு வீட்டுல உக்காந்து என்னாண்ணே பண்றீங்க? வை.பி.க்கு ரெண்டு மொழியும் பேசுற ஆளு வேணும். வாங்க லா."

அப்படித்தான் அப்பாவுக்கு வேலை கிடைத்தது. வார நாட்களில் சேவை மையத்தில் உட்கார்ந்து வருகிறவர்களுக்குப் விண்ணப்பப் பாரம் எழுதிக் கொடுப்பார். வார இறுதியில் வை.பி. போகிற நிகழ்ச்சிகளில் மேடை அறிவிப்பு. அதற்கென்றே தங்காக் போய்த் துணி எடுத்து இரண்டு பூப்போட்ட பாத்தேக் சட்டைகள் தைத்துக்கொண்டார். நம் நாட்டு மேடைகள் உனக்கும் தெரிந்திருக்கும். உன் காலத்தில் மாறியிருந்தால் நல்லது. பேச்சு பிறகுதான் வரும். முதலில் வந்திருக்கும் பெரியவர்களின் பட்டங்களையும் பெயர்களையும் வரிசை தப்பாமல் சொல்லி வரவேற்க வேண்டும். மாண்புமிகு யார், டத்தோ யார், அவருடைய மனைவி டத்தின் யார், எந்தச் சங்கத்தின் தலைவர் முன்னால், எந்தச் சங்கத்தின் தலைவர் பின்னால். அப்பா வெள்ளிக்கிழமையே ஒவ்வொருவரின் அலுவலகத்துக்கும் தொலைபேசி எடுத்துச் சரிபார்ப்பார். சனிக்கிழமை சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டே சத்தமாகச் சொல்லிப் பார்ப்பார். முதலில் மலாயில், பிறகு தமிழில். ஒருமுறை ஒரு டத்தினின் பெயர் விட்டுப்போயிற்று. மறுநாள் அப்பா ஒரு கூடை ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு அந்த அம்மா வீட்டுக்குப் போனார். என்னையும் காரில், நம் பேச்சில் காடியில், கூட்டிப்போயிருந்தார். அந்த அம்மா வெளியே வரவில்லை. வேலைக்கார அக்கா வந்து பழத்தை மட்டும் வாங்கிக்கொண்டு போனார். திரும்பி வரும் வழியில் அப்பா சொன்னார், "நல்ல வேள, பழத்தையாச்சும் வாங்கிக்கிட்டாங்க." அன்றைக்கு எனக்கு அவர் மேல் பரிதாபம் வரவில்லை, எரிச்சல்தான் வந்தது. என் தப்பு அங்கேதான் தொடங்கியிருக்க வேண்டும்.

போன மழைக்காலத்தில் சாக்கடை நிரம்பி எங்கள் தாமான் முழுக்க வெள்ளம் வந்தது. வீட்டுக்குள் முழங்கால் அளவு தண்ணீர். மெத்தைகள் போயின, மீன் தொட்டி உடைந்தது, என் புத்தகங்கள் ஊறிப் பருத்துவிட்டன. தண்ணீர் வடிந்த பிறகு டேவானில் மெத்தையும் அரிசியும் கொடுப்பதாகச் சொன்னார்கள். காலை பத்து மணி என்றார்கள். நானும் அம்மாவும் ஒன்பதரைக்கே வரிசையில் நின்றோம். அம்மா சிங்கப்பூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்கிறார். அன்றைக்கு இரவு வேலை முடித்து, சீருடையோடு அப்படியே வந்திருந்தார். பன்னிரண்டு மணிக்குத்தான் வை.பி. வந்தார். மேடையில் வெள்ளை உறை போட்ட நாற்காலிகள், ஓரத்தில் பாத்தேக் சட்டையில் அப்பா. எங்கள் வீட்டுக்குள்ளும்தான் வெள்ளம் வந்தது. அந்தச் சட்டை மட்டும் எப்படி நனையாமல் தப்பியது என்று யோசித்துக்கொண்டு நின்றேன். அப்பா தொடங்கினார். வருகை தந்திருக்கும் மாண்புமிகு, வருகை தந்திருக்கும் டத்தோ, வருகை தந்திருக்கும் தலைவர், துணைத்தலைவர், செயலாளர். எல்லாம் மலாயில். பின்னால் நின்ற ஓர் அக்கா என் தோளைத் தட்டினார்.

"ஏ பிள்ள, உங்கப்பாகிட்ட சொல்லு லா. மெத்தைய குடுத்துட்டு அப்புறமா பேரு படிக்கச் சொல்லி."

அம்மா திரும்பிப் பார்க்காமலே பதில் சொன்னார். "அவரு வாயில இப்ப பிரேக்கு கெடையாதுக்கா. எறக்கத்துல எறங்கிட்டா ஏத்தத்துலதான் நிப்பாரு."

எல்லாரும் சிரித்தார்கள். கடைசியில் பட்டியல் முடிந்தது. வரிசை அசைந்தது, ஆட்கள் கீழே வைத்திருந்த பைகளை எடுத்துக்கொண்டார்கள். அப்போது அப்பா ஒலிவாங்கியைச் சரிசெய்துகொண்டு, "இனி, தமிழில்," என்றார். டேவானே பெருமூச்சு விட்டது. வெளியே மறுபடியும் மழை பிடித்துக்கொண்டது. எங்களுக்கும் ஒரு மெத்தை கிடைத்தது. படம் பிடிப்பதற்காக அப்பா மேடைப் பக்கத்திலேயே நிற்க வேண்டியிருந்ததால், அதை நானும் அம்மாவும்தான் தலையில் தூக்கிக்கொண்டு நடந்தோம். வீட்டுக்கு வருவதற்குள் புது மெத்தையும் நனைந்துவிட்டது.

அந்த நனைந்த மெத்தையின் மேல் உட்கார்ந்துதான் எனக்கு அந்தப் படம் தோன்றியது. அதற்கு முன்பே நானும் ஷாமினியும் சின்னச் சின்ன அசைவுப் படங்கள் செய்து பார்த்திருக்கிறோம். பொம்மையோ கணினியோ கிடையாது. உடைந்த மீன் தொட்டியின் ஒரு பக்கக் கண்ணாடி முழுதாகக் கிடைத்தது. அதை இரண்டு நாற்காலிகளுக்கு நடுவில் வைத்து, அடியில் விளக்கை ஏற்றி, மேலே கோப்பித் தூளைப் பரப்ப வேண்டும். விரலாலும் தூரிகையாலும் கரண்டிக் காம்பாலும் தூளைத் தள்ளினால் வெளிச்சத்தில் உருவம் வரும். மேலிருந்து ஒரு படம் பிடிக்க வேண்டும். பிறகு அதே தூளைக் கொஞ்சம் நகர்த்தி இன்னொரு படம். ஒரு நொடிக்கு எட்டுப் படம் பிடித்தோம். அடுத்ததைச் செய்ய வேண்டுமென்றால் முன்னதை அழித்தாக வேண்டும். செய்தது எதுவும் கையில் மிஞ்சாது, முடிவில் ஒரு தட்டுக் கோப்பித் தூள்தான் மிஞ்சும். அது எனக்கு மிகவும் பிடித்திருந்தது. சாட்சி இல்லாத வேலை என்று நினைத்தேன்.

பள்ளி விடுமுறை முழுவதும் மத்தியான நேரங்களில், ஷாமினி வீட்டுப் பின்னறையில் செய்தோம். படத்தில் ஒரு மேடை, மேடையில் நாற்காலிகள். ஒவ்வொரு பெயர் சொல்லப்படும்போதும் ஒரு நாற்காலியின் கால்கள் வளரும். கீழே மக்கள் வெறும் புள்ளிகளாக நிற்பார்கள், தண்ணீர் ஏறும். பெயர்கள் முடிவதில்லை. புள்ளிகள் ஒவ்வொன்றாக மிதந்து போகும், பிறகு நாற்காலிகளும் மிதக்கும். கடைசியில் தண்ணீருக்கு மேல் ஒலிவாங்கி மட்டும் தெரியும், அது இன்னும் வரவேற்றுக்கொண்டிருக்கும். நம் ஊர்க் கோப்பித் தூளைச் சர்க்கரை போட்டு வறுப்பார்கள் அல்லவா? இரண்டாவது வாரமே எறும்பு வந்துவிட்டது. மேடையின் குறுக்கே சாரையாகப் போயிற்று. ஊதிப் பார்த்தோம், போகவில்லை, அப்படியே பிடித்துவிட்டோம். பிறகு படம் பரவியபோது அந்த எறும்புக்கு ஆளுக்கொரு விளக்கம் சொன்னார்கள். எறும்பு என்றால் வாக்காளர்கள் என்றார் ஒருவர். குத்தகைக்காரர்கள் என்றார் இன்னொருவர். ஷாமினியின் அம்மா மட்டும்தான் சரியாகச் சொன்னார். "அலமாக்! எவடி இங்க கோப்பித் தூள கொட்டி வச்சது?"

படம் முடிந்தபோது சத்தமில்லாமல் இருந்தது. மழைச் சத்தம் சேர்க்கலாம் என்றாள் ஷாமினி. நான் அப்பா இஸ்திரி போடும்போது பதிவு செய்து வைத்திருந்ததை எடுத்தேன். அவள் முகம் மாறியது.

"உங்கப்பாவாச்சேடி. வேணாம் லா."

"எல்லா அறிவிப்பாளரும் இப்பிடித்தான் பேசுறாங்க. யாருக்குத் தெரியப் போவுது?"

"எனக்கே தெரியுதே."

"உனக்குத் தெரியும், ஏன்னா நீ எங்க வீட்டுக்கு வர்றவ."

நான் வெட்டினேன், ஒட்டினேன், ஒரே பெயரை ஏழு முறை வரவைத்தேன். பட்டங்களை மாற்றிப் போட்டேன். மலாய்ப் பட்டியல் முடிந்து தண்ணீர் மேடையைத் தொடுகிற இடத்தில் "இனி, தமிழில்" என்பதை வைத்தேன். படத்துக்கு 'வருகை தந்திருக்கும்' என்றே பெயரும் வைத்தேன். என் கணக்கை அப்பா பார்ப்பார் என்பதால் ஷாமினியின் கணக்கில் போடச் சொன்னதும் நான்தான். எனக்காக எதையும் குறைத்துச் சொல்லவில்லை, மகனே. இன்னொன்றையும் கேள். மேடையில் இருந்த வை.பி.க்கு நான் முகம் வைக்கவில்லை. டத்தோ யாருக்கும் முகம் வைக்கவில்லை. நாற்காலிகளை மட்டும்தான் வரைந்தேன். கலை என்று ஷாமினியிடம் சொன்னேன், உண்மையில் பயம். அவர்களைத் தொடப் பயந்துவிட்டு, தொட்டால் ஒன்றும் செய்யாத ஒரே மனிதரின் குரலை எடுத்துக்கொண்டேன். மேலே இருப்பவர்களைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்று நினைக்கிற நேரத்தில், யாருடைய வாயை எடுத்து வைத்துக்கொண்டு சிரிக்கிறோம் என்று ஒருமுறை பார்த்துக்கொள். எனக்கு அப்போது தோன்றவில்லை.

நான்கு நாளில் ஊரே பார்த்துவிட்டது. எங்கள் வீட்டுக்கு அதைக் கொண்டுவந்தது அம்மா. தொழிற்சாலைப் பேருந்தில் யாரோ காட்டியிருக்கிறார்கள். சாயங்காலம் காலணியைக்கூடக் கழற்றாமல் சிரித்துக்கொண்டே உள்ளே வந்தார்.

"ஏங்க, உங்க கொரலு சிங்கப்பூருக்கே வேலைக்குப் போயிருச்சுங்க! பெர்மிட்டு கூட எடுக்கல!"

அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். இடது கையால் கைப்பேசியை வாங்கிப் பார்த்தார். முதல் முறை பார்த்து முடித்ததும் மறுபடி முதலிலிருந்து வைத்தார். மூன்று முறை பார்த்தார். நான் எதிரில் உட்கார்ந்து சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தேன். பிறகு அவர் சொன்னார், "நல்லாத்தான் செஞ்சிருக்கானுங்க. அந்த நாற்காலி மெதக்குற எடம் ரொம்ப நல்லா இருக்கு." கொஞ்சம் பொறுத்து, "ஆனா நான் இப்பிடி படிக்கலயே. டத்தோவுக்கு அப்புறம் செயலாளர போட்டிருக்கான். நான் அப்பிடி படிப்பேனா?" என்றார். சிரித்துக்கொண்டிருந்த அம்மா அவர் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டார். அப்பா தட்டில் தண்ணீர் ஊற்றிக் கை கழுவிவிட்டார். பாதிச் சோறு அப்படியே இருந்தது.

அதற்குப் பிறகு அவர் போகிற இடமெல்லாம் அது முன்னால் போய் நின்றது. பாசாரில் மீன்காரர், "வாங்கண்ணே! மீன் வாங்க வருகை தந்திருக்கும் மாண்புமிகு அந்தோணி அவர்களே!" என்று கத்தினார். அப்பாவும் கூடவே சிரித்தார். நல்ல மனிதர்கள்தான், கேலியில் விஷம் இல்லை. ஆனால் ஒவ்வொரு சிரிப்புக்கும் அவர் கொஞ்சம் குனிவதை நான் பக்கத்தில் கூடையைப் பிடித்துக்கொண்டு பார்த்தேன். அந்த வார இறுதி நிகழ்ச்சிக்கு வேறோர் ஆளை பெர்மாஸ் ஜெயாவிலிருந்து வரவழைத்தார்கள். சனிக்கிழமை அப்பா சட்டைக்கு இஸ்திரி போடவில்லை. அந்த ஏழு மாதத்தைப் போலவே வீடு மறுபடி அமைதியாகிவிட்டது. படத்தை நாங்கள் அழித்துவிட்டோம். அதனால் ஒன்றும் ஆகவில்லை. அதற்குள் ஆயிரம் கைப்பேசிகளுக்குப் போய்விட்டது.

மூன்று நாளைக்கு முன்னால் சேகர் வீட்டுக்கு வந்தார். நான் கோப்பி கொண்டுபோய் வைத்தேன்.

"அண்ணே, இது ஏஐண்ணே. இப்பல்லாம் ஒருத்தன் பேசுனதுல பத்து செகண்டு இருந்தா போதும், அவன பாட்டே பாட வச்சிருவானுங்க. உங்க கொரல திருடிட்டானுங்க."

"அப்பிடியா சேகர்? நானும் நெனச்சேன். நான் அந்த மாதிரி வரிச மாத்தி படிக்கவே மாட்டேன்."

"அதான்! வை.பி.யும் அதத்தான் சொல்றாரு. நீங்க ஒரு ரிப்போர்ட்டு குடுத்துருங்க, மிச்சத்த நாங்க பாத்துக்கிறோம். முத மொதல்ல எவன் போட்டான்னு தேடி எடுத்துருவாங்க. ரிப்போர்ட்டு கையில இருந்தா அடுத்த மாசம் நீங்கதான் மேடையில, எவனும் வாய தொறக்க மாட்டான்."

அப்பாவின் முகத்தில் பல நாட்களுக்குப் பிறகு வெளிச்சம் வந்தது. அதுதான் என்னை ஒரேயடியாகச் சாய்த்துவிட்டது. அவர் கோபப்பட்டிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பேனோ என்னவோ. அவர் பிடித்துக்கொள்ள ஒரு பொய் கிடைத்துவிட்டது. அதைப் பிடுங்க வேண்டியவள் நான்.

மறுநாள் பள்ளிக் கேண்டீனில் ஷாமினியிடம் சொன்னேன். அவள் மீ கோரேங்கைத் தள்ளி வைத்துவிட்டாள். அவளுக்கு அப்பா இல்லை. பல்கலைக்கழகத்துக்கு முந்தைய மெட்ரிகுலேஷனில் இடம் கிடைக்க வேண்டும் என்று இரண்டு வருடமாக ராப்பகலாகப் படிக்கிறவள். "போலிஸ் வந்தா எங்கம்மா தாங்கமாட்டாங்கடி," என்றாள். அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. "நான் உன் பேர சொல்லமாட்டேன். அடிச்சாலும் சொல்லமாட்டேன். ஆனா நீ என்னைய சொல்ல வச்சிராத லா. நீயே சொல்லிரு." மணி அடித்தது. அவள் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனாள். அதன் பிறகு என்னுடன் பேசவில்லை.

நேற்றுச் சாயங்காலம் கோவிலில், பாதிரியாரிடம் பாவங்களைச் சொல்லும் பாவசங்கீர்த்தனத்துக்கு வரிசையில் நின்றேன். அங்கே சொல்லிவிட்டால் பழகிவிடும், பிறகு வீட்டில் சொல்வது சுலபம் என்று நினைத்தேன். என் முறை வந்தது. முழங்காலிட்டு, அம்மாவிடம் இரண்டு முறை கோபப்பட்டேன் என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன். இரண்டு முறை என்பதும் பொய்தான், மகனே. கடவுளிடமே எண்ணிக்கையைக் குறைத்துச் சொன்ன ஆள் நான். எனக்குக் களைப்பாக இருக்கிறது. பயம் இவ்வளவு களைப்பைத் தரும் என்று யாரும் சொன்னதில்லை. படிக்க முடியவில்லை, சாப்பிட முடியவில்லை. நீ ஏதாவது செய்துவிட்டு என்னிடம் சொல்ல முடியாமல் திரிந்தால், உன் முகத்தைப் பார்த்தே கண்டுபிடிப்பேன் என்று நம்பிவிடாதே. என் அப்பா மூன்று நாளாக என்னைப் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார். பரீட்சைப் பயம் என்று நினைத்து நேற்று எனக்கு ஒரு டின் மைலோ வாங்கி வந்தார். பெற்றவர்களுக்கு அவ்வளவுதான் தெரியும். மிச்சத்தை நாம்தான் சொல்ல வேண்டும்.

பக்கத்து அறையில் அம்மா எழுந்துவிட்டார். நாலரைக்குப் பேருந்து. அப்பா அவரைக் காடியில் கொண்டுபோய்ச் சாலையில் விட்டுவிட்டு வருவார். வந்ததும் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் இந்தப் பக்கங்களைக் கிழித்துவிடுவேன்.

கிழிக்கவில்லை. இப்போது மணி ஐந்தரை. நடந்ததை அப்படியே எழுதிவிடுகிறேன்.

அப்பா திரும்பி வந்து கதவைச் சாத்தும்போது நான் வரவேற்பறையில் நின்றேன். "என்னாம்மா, தூங்கலியா?" என்றார்.

"அப்பா, அந்தப் படத்த நான்தான் செஞ்சேன்."

"எந்தப் படம்?"

"உங்க கொரலு வர்ற படம்."

"அது ஏஐன்னு சேகர் சொன்னாரே." என்னைத் திருத்துவது போலத்தான் சொன்னார்.

"இல்லப்பா. நீங்க இஸ்திரி போடுறப்ப நான் ரெக்கார்டு பண்ணேன். வெட்டி ஒட்டி வரிசைய மாத்துனது நான்தான். ஷாமினி அவ அக்கவுண்டுல போட்டா, அவ்ளோதான். அவளும் நான் சொல்லித்தான் போட்டா."

அவர் கையிலிருந்த காடிச் சாவியை மேசைமேல் வைத்தார். உட்கார்ந்தார். அடிப்பார் என்று நினைத்தேன். என்னை அவர் அடித்ததே இல்லை, ஆனாலும் நினைத்தேன். பிறகு "அம்மாவுக்குத் தெரியுமா?" என்று கேட்டார். தெரியாது என்றேன். கைப்பேசியை எடுத்துச் சேகரைக் கூப்பிட்டார். இந்த நேரத்திலா என்று நான் கேட்பதற்குள் அந்தப் பக்கம் எடுத்துவிட்டார்கள். தூக்கக் கலக்கத்தில் சேகர் பேசுவது எனக்கும் கேட்டது.

"சேகர், நான் இன்னிக்கு போலிஸ் பாலாய்க்கு வரல."

"ஏண்ணே? ஒடம்பு சரியில்லியா?"

"அது என் கொரலுதான். யாரும் திருடல."

"அண்ணே, வெளையாடாதீங்கண்ணே. வை.பி.கிட்ட நான் என்னான்னு சொல்றது? யாருண்ணே எடுத்தது?"

"அத நான் சொல்லமாட்டேன். நீங்களும் கேக்காதீங்க."

பிறகு சேகர் மெதுவாகக் கேட்டார், "அப்ப உங்க வேல?"

"தெரியும். திங்கக்கெழம ஆபீஸ் சாவிய கொண்டாந்து குடுக்குறேன்."

வைத்துவிட்டார். நான் அழுதுகொண்டு நின்றேன். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று வார்த்தைகளைத் தேடிக்கொண்டிருந்தபோது அவர் கேட்டார், "ஊரே சிரிச்சிச்சு. நீ சிரிச்சியா?"

நான் எதிர்பார்த்த கேள்வி இது இல்லை. பொய் சொல்ல நினைத்தேன். ஆனால் இன்னொரு பொய்யைத் தூக்க எனக்குச் சத்து இல்லை. "சிரிச்சேன்பா," என்றேன்.

"எந்த எடத்துல?"

"ஒவ்வொரு பேருக்கு முன்னாடியும் நீங்க ஒரு மூச்சு இழுப்பீங்க. அத மட்டும் நான் சத்தத்த கூட்டி வச்சேன். அங்க."

அவர் அதை யோசித்துப் பார்த்தார். தன் மூச்சைத் தானே கேட்டுப் பார்ப்பதுபோல உட்கார்ந்திருந்தார். பிறகு சொன்னார், "அது பயம்மா. அடுத்த பேரு தப்பா வந்துருமோன்னு. மூணு வருசம், ஒவ்வொரு பேருக்கும்." குரலில் கோபம் இல்லை, வருத்தம்கூட இல்லை. மழை வரும் என்று சொல்வதுபோல் சொன்னார். எழுந்து குளிக்கப் போய்விட்டார்.

உள்ளே தண்ணீர் விழும் சத்தம் கேட்கிறது. அவர் வெளியே வந்த பிறகு நாங்கள் என்ன பேசுவோம், அம்மாவிடம் எப்படிச் சொல்வோம், திங்கட்கிழமைக்குப் பிறகு இந்த வீடு எப்படி நடக்கும் என்று எனக்குத் தெரியவில்லை. ஷாமினிக்கு ஒரு வரி அனுப்பிவிட்டேன். பதில் வரவில்லை. மகனே, நீயும் ஒருநாள் என்னைப் பார்த்துச் சிரிப்பாய். நான் யாரிடமோ குனிவதை, எதையோ திரும்பத் திரும்பச் சொல்வதை வைத்து நண்பர்களோடு சேர்ந்து சிரிப்பாய். சிரித்துக்கொள், அதைத் தடுக்கிற தகுதி எனக்கு இல்லை. ஆனால் எந்த இடத்தில் சிரித்தாய் என்று உன்னைக் கேட்பேன். அப்போது பொய் சொல்லாதே. அந்த இடத்தில் எனக்கு என்ன நடந்துகொண்டிருந்தது என்று நானும் உனக்கு மறைக்காமல் சொல்கிறேன்.